அழகன் கொடுத்த மூன்று நாள்

எங்கள் தேயிலைத் தோட்டத்து ஆபீஸில் லீவுப் புத்தகம் ஒன்று இருக்கிறது. காய்ச்சலுக்கு அதில் இடம் உண்டு. கை கால் முறிந்தால் உண்டு. சாவுக்கு உண்டு, பிள்ளை பெற்ற பொம்பளைக்கும் உண்டு. ஒரு ஆண் அப்பனானால் மட்டும் எழுத இடமில்லை. கொழுந்து மாதிரி பிள்ளையையும் பொம்பளை தனியாக மலைக்குப் போய்ப் பறித்துக்கொண்டு வருகிறாள் என்று அந்தப் புத்தகத்துக்குக் கோடு போட்ட புண்ணியவான் நினைத்திருக்க வேண்டும்.

நான் நாகலெட்சுமி. கொழுந்து பறிக்கப் போகிறவர்கள் விட்டுப்போகும் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைக்காம்பராவில் இருபத்தாறு வருஷமாக ஆயம்மா. அப்பன்மாரை எனக்கு நன்றாகத் தெரியும். பாதிப் பேருக்கு அவர்களுடைய பிள்ளை எது என்று நான்தான் கைகாட்ட வேண்டும். முன்பெல்லாம் அவர்களை மனதாரத் திட்டுவேன். எங்கள் தோட்டத்துத் தொழிலாளி லோஜனுக்கு நடந்ததைப் பார்த்த பிறகு அந்தத் திட்டை ஆபீஸ் பக்கம் திருப்பிவிட்டேன்.

2007ஆம் வருஷம் லோஜனுக்கு முதல் பிள்ளை பிறந்தது. அவன் பெண்சாதி ஜீவராணியின் வயிற்றை வெட்டித்தான் எடுத்தார்கள். பிள்ளை இரண்டு கிலோகூட இல்லை. வீட்டுக்கு அனுப்பும்போது நர்ஸ் கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள்: இன்னும் சில நாளைக்குப் பிள்ளையைக் கீழே போடக் கூடாது, யாராவது ஒருவர் வெறும் நெஞ்சோடு அணைத்துச் சூட்டில் வைத்திருக்க வேண்டும், அப்பாவும் வைத்திருக்கலாம். எங்கள் நோர்வூட் மலைக் குளிரில் பெரியவர்களுக்கே பல் அடிக்கும். ஜீவராணியோ தையல் வலியிலும் காய்ச்சலிலும் திரும்பிப் படுக்க முடியாமல் கிடந்தாள். அவளுடைய அம்மா குவைத்தில் யாரோ ஒருவருடைய பிள்ளையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தாள். என்னிடம் இருமலும் சளியுமாக முப்பது பிள்ளைகள். ஆக, லோஜனை விட்டால் ஆளில்லை.

அந்த வாரம்தான் பள்ளிக்கூடத்து அதிபர் சிவபாதம் மாஸ்டர் பிள்ளைக்காம்பராவுக்கு வந்து, தகப்பனின் கடமை பற்றி ஒரு மணி நேரம் பேசினார். யாழ்ப்பாணத்துக்காரர், அரசாங்கச் சம்பளம். அவருக்கும் முந்தின மாதம் பிள்ளை பிறந்திருந்தது.

"அரசாங்கமே தகப்பன்மாருக்கு மூண்டு நாள் லீவு தந்திருக்கு. பிள்ளை வளர்ப்பில தகப்பனுக்கும் பங்கிருக்கு எண்டதை நீங்கள் விளங்கிக்கொள்ள வேணும்" என்றார்.

அந்த மூன்று நாளும் அவர் குவாட்டர்ஸுக்குப் போய்ப் பிள்ளையைக் குளிப்பாட்டியவள் நான். மாஸ்டர் டிவியில் கிரிக்கெட் பார்த்தார். பிள்ளை வீரிட்டு அழுதபோது தன் பங்குக்கு ஒன்று சொன்னார்: "அந்தக் கதவைச் சாத்துங்கோ."

லோஜன் ஆபீஸுக்குப் போனபோது துணைக்கு நானும் போனேன். பெரிய கிளாக்கர் இராமையா மேசைக்குப் பின்னால் இருந்தார். அவரும் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் பிறந்தவர்தான், அதை யாராவது ஞாபகப்படுத்தினால் முகம் கறுத்துவிடும்.

"பொம்பள பெத்தா பொம்பளைக்கு லீவு. ஒனக்கு எங்கடா வலிக்குது?" என்றார்.

"புள்ளைய வச்சிருக்க ஆளில்லீங்கய்யா. மூணே மூணு நாளு."

"ஆம்பளைக்கு லீவு வேணும்னா யாராச்சும் செத்திருக்கணும். கேதம்னா மூணு நாள் தாராளமா எழுதுவேன்." சொல்லிவிட்டுச் சிரித்தார். பக்கத்து மேசைக்காரரும் சிரித்தார், சிரிக்காவிட்டால் அவருக்கு என்ன ஆகுமோ.

சொல்லாமல் கொள்ளாமல் வீட்டில் நின்றால் பேரை வெட்டிவிடுவார்கள். பேர் போனால் வேலை போச்சு. லோஜன் லயத்து வாசலில் வந்து தலையில் கை வைத்து உட்கார்ந்தபோது, உள்ளே அவனுடைய அப்பா அழகன் பேரனைப் பார்த்துக்கொண்டிருந்தார். பூண்டுலோயாவில் மகள் வீட்டில் இருக்கிறவர், அன்று காலையில்தான் வந்திருந்தார். நடந்ததை நான் சொன்னேன். அவர் அதிகம் யோசிக்கவில்லை.

"என்னைய எழுதச் சொல்லு" என்றார்.

"வாயக் கழுவுங்கப்பா."

"அஞ்சு பெத்தேன்டா. ஒண்ணு பொறந்தப்பக்கூட வூட்ல நிக்க விடல. ரெண்டு செத்துச்சு. அதுக்கு மட்டும் லீவு குடுத்தானுங்க. நான் பூண்டுலோயாவுல செத்தா இங்க எவன் வந்து பாக்கப் போறான்?"

லோஜன் அழுதான். ஆனாலும் அந்தப் பிள்ளையின் நீலம் பூத்த விரல்களைப் பார்த்த பிறகு, "அவரு சொல்றபடி செய்யி" என்று சொன்னவள் நான்தான்.

எங்கள் ஆபீஸில் கேதத்துக்குக் கடிதம் கேட்பதில்லை. அப்பன் செத்தால் மகன் தலையும் மீசையும் மழித்திருக்க வேண்டும், அதுதான் சாட்சி. உயிரோடு இருக்கிற அப்பனுக்கு மொட்டை போட எவனுக்கு மனம் வரும்? லோஜன் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தான். எதிரே பலகையில் இருந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டே அழகன், "காதுகிட்ட கொஞ்சம் நிக்குது, அதையும் எடு" என்று மழிப்பவனிடம் சொன்னார். பிறகு துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

"பொணம் பஸ் ஏறப் போவுது தங்கச்சி, வழி விடுங்க" என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார்.

இராமையா மொட்டைத் தலையைப் பார்த்தார், "அடடா" என்றார், எழுதினார். பிள்ளை பிறந்ததற்கு ஒரு வார்த்தை நல்லதாகச் சொல்லாத அந்த வாய், சாவுக்கு அனுதாபம் சொன்னது.

மூன்று நாளும் லோஜன் கம்பளிக்குள் பிள்ளையை நெஞ்சில் கட்டிக்கொண்டு அடுப்பங்கரையில் உட்கார்ந்திருந்தான். ஜீவராணியின் பாலைக் கரண்டியில் ஊட்டினான். இரண்டாம் நாள் மத்தியானம் பிள்ளை வாய் திறந்து நன்றாக அழுதது. நாலாம் நாள் ஜீவராணிக்குக் காய்ச்சல் விட்டது, அவன் வேலைக்குப் போனான். தர்சன் பிழைத்தான். இருபத்தாறு வருஷத்தில் நான் பார்த்த ஒரே அப்பன் அவன்தான் என்று சொல்வேன்.

ஆனால் அழகன் செத்தவர் செத்தவர்தான். பேரனைப் பார்க்க வேண்டுமென்றால் தலையில் துண்டைப் போட்டு முகத்தை மூடிக்கொண்டு, ரோட்டை விட்டு மலைப்பாதையால் வருவார். லயத்தில் எல்லோருக்கும் தெரியும், யாரும் வாய் திறக்கவில்லை. மூன்று வருஷத்தில் நாலு தடவை வந்தார். தர்சன் அவரைத் 'துண்டுத் தாத்தா' என்று கூப்பிடுவான்.

2010இல் அழகன் உண்மையாகவே செத்தார். காலையில் பூண்டுலோயாவிலிருந்து போன் வந்தது. கொள்ளி வைக்க ஒரே மகன். லோஜன் தர்சனைத் தூக்கிக்கொண்டு ஆபீஸுக்கு ஓடினான். நானும் பின்னாலேயே போனேன்.

இராமையா பழைய பக்கங்களை ஆற அமரப் புரட்டினார். "அழகன், பூண்டுலோயா. 2007லயே செத்துட்டாரே. ஒரு மனுசன் எத்தன தரம்டா சாவான்?"

லோஜன் பொய்க்கு மேல் பொய் சொல்லியிருக்கலாம். சித்தப்பா என்றிருக்கலாம், மாமனார் என்றிருக்கலாம். அவன் பிள்ளையை இறக்கி விட்டுவிட்டு நிமிர்ந்து நின்றான்.

"அன்னிக்கிச் சொன்னது பொய்ங்கய்யா. அன்னிக்கி அப்பா சாவல, இந்தப் புள்ள பொறந்துச்சு. அதுக்குத்தான் எடுத்தேன். அத அப்புடியே மாத்தி எழுதிக்குங்க. இன்னிக்கித்தான் அப்பா செத்துருக்காரு."

இராமையா புத்தகத்தை அவன் பக்கம் திருப்பிக் காட்டினார். "புள்ள பொறந்ததுக்கு ஆம்பள எடுத்த லீவ இதுல நான் எங்கடா எழுதுறது?"

அந்த மனுஷன் வாழ்நாளில் கேட்ட ஒரே நியாயமான கேள்வி அது. கேட்டது தனக்கே விளங்காமல் கேட்டார்.

"போனா பேர் வெட்டுதான்" என்றும் சொன்னார்.

லோஜன் போனான். அப்பனுக்குக் கொள்ளி வைத்தான், இரண்டாம் முறை மொட்டை அடித்தான், நாலாம் நாள் காலையில் வேலைக்குப் பேர் வாசிக்கிற பெரட்டில் வந்து வரிசையில் நின்றான். எல்லோருடைய பேரையும் வாசித்தார்கள், அவன் பேரை வாசிக்கவில்லை. தொழிற்சங்கத் தலைவர் தோட்டத்துத் துரையிடம் பேசுகிறேன் என்றார். இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்.

லோஜன் இப்போது கொழும்பில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவுகிறான். தீபாவளிக்கு வருவான், கடை முதலாளி விட்டால் சித்திரைக்கும் வருவான். ஜீவராணி மலைக்குப் போகிறாள். தர்சன் பகல் முழுவதும் என்னிடம். போன தடவை லோஜன் வந்தபோது தலையில் முடி அடர்ந்திருந்தது. பிள்ளை கிட்டப் போகவில்லை, என் சேலைக்குள் ஒளிந்துகொண்டான். லோஜன் அதற்கும் சிரித்தான். அந்தச் சிரிப்பை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.

போன மாதம் பிள்ளைக்காம்பராவில் பெற்றோர் கூட்டம். சிவபாதம் மாஸ்டர் மறுபடியும் வந்தார். அவருக்கு இரண்டாவது பிள்ளையும் பிறந்து, அந்த மூன்று நாளும் கழிந்திருந்தது. வந்திருந்தவர்கள் எல்லாம் பொம்பளைகள். அவருக்கு அதில் மிகுந்த வருத்தம்.

"இதுதான் இந்தச் சனத்தின்ர பிரச்சினை. தகப்பன்மாருக்குப் பிள்ளையளில அக்கறை இல்லை. அரசாங்கம் என்ன செய்தாலும் இதுகள் திருந்தாது" என்று சொல்லி, முன்னால் உட்கார்ந்திருந்த தர்சனைக் காட்டினார். "இவன்ர தகப்பன் எங்கே?"

ஜீவராணி தலையைக் குனிந்துகொண்டாள். நான் எழுந்தேன்.

"அவரு இந்தப் புள்ளைக்காக மூணு நாள் லீவு எடுத்தாருங்க மாஸ்டர். அதுனாலதான் இன்னிக்கி இங்க இல்ல" என்றேன்.

மாஸ்டர் என்னைப் பார்த்தார், கையில் இருந்த தாளைப் பார்த்தார், அடுத்த பக்கத்தைத் திருப்பினார். நான் தர்சனைத் தூக்கிக்கொண்டு பிள்ளைகளுக்குப் பால் கலக்கப் போனேன்.