எனக்கு முன்னால் ஓர் ஆள் இடம்

என் பேருக்கு முன்னால் ஒரு காலி இடம் இருக்கிறது. ஓர் ஆள் நிற்கும் அகலம். ஆஸ்பத்திரி கம்ப்யூட்டரில் இசக்கிராஜன் என்று அடிக்கும்போது எவனோ முன்னால் ஸ்பேஸ் தட்டி இடம் விட்டுத் தொலைத்துவிட்டான். அன்றிலிருந்து அது எனக்கு முன்னால் நடக்கிறது. அது ஏறியதும் லிஃப்ட் கதவு சாத்திக்கொள்ளும். நான் படியேறுவேன்.

என் பெண்டாட்டி செண்பகவல்லி பிரசவ வார்டில் கிடக்கிறாள். உடனே ஆபரேஷன் பண்ண வேண்டுமாம். புருஷன் கையெழுத்துப் போட வேண்டும்.

நர்ஸ் பேனாவை அந்தக் காலி இடத்திடம் நீட்டினாள். "மொதல்ல இவுக போடட்டும், அண்ணாச்சி."

"அங்க யாரு இருக்கா?"

"யாரும் இல்ல. அதான் நேரமாவுது."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கம்ப்யூட்டர் ரூமுக்கு ஓடினேன். ஓட ஓட வராண்டா நீண்டது. சனியன், அதுவும் எனக்கு முன்னால் ஓடியது.

ஆபரேட்டர் பிரிஸ்கில்லா முறுக்குத் தின்றுகொண்டிருந்தாள்.

"என் பேருக்கு முன்னால இருக்கத எடும்மா. அங்க எம் பொண்டாட்டி உசுருக்குப் போராடுதா."

"ஒங்களுக்கு மட்டும் எடுத்தா மத்தவுக சண்டைக்கு வருவாக. மொத்தமா எடுத்திருதேன்."

காலி இடம் எல்லாவற்றையும் அழிக்கச் சொல்லித் தட்டினாள்.

வராண்டா சுருங்கியது. கட்டில்கள் ஒட்டிக்கொண்டன. வாட்ச்மேனும் டீக்காரரும் வயிற்றோடு வயிறு ஒட்டி நின்றார்கள். செண்பகவல்லியின் கட்டில் என் முழங்காலில் வந்து இடித்தது. அவள் வயிறு தட்டையாக இருந்தது.

"பிள்ள எங்க?" என்று கத்தினேன்.

"பேரு என்ன?" என்றாள் பிரிஸ்கில்லா.

"பெறக்கும் முன்ன யாராவது பேரு வைப்பாகளா? பிள்ள பேருக்கான கட்டத்தக் காலியாத்தான விட்டிருந்தோம்!"

"அப்ப அதுவும் போயிருக்கும்."

"ஒம்பது மாசம் எட்டி ஒதைச்ச பிள்ள, தாயி!"

"ஒதைக்கதுக்குத் தனியா கட்டம் இல்ல, அண்ணாச்சி."

கீபோர்டைப் பிடுங்கினேன். ஸ்பேஸ் பட்டனில் கட்டைவிரலை வைத்து அழுத்தினேன். சுவர்கள் விலகின. செண்பகவல்லிக்குப் பக்கத்தில் ஒரு சாண் இடம் விட்டது. அதில் ஒரு சின்னக் குதிகால் தெரிந்தது. கட்டில் என்னை விட்டு நகர்ந்தது.

"கைய எடுங்க, அவுக தூரமாப் போறாக," என்றாள் பிரிஸ்கில்லா.

"எடுத்திராதிய!" செண்பகவல்லி அங்கிருந்து கத்தினாள். "இன்னும் தலை வரல!"

கட்டில் கேட்டைத் தாண்டி, பஸ் ஸ்டாண்டைத் தாண்டிப் போய்விட்டது. அவள் குரலும் கேட்கவில்லை. நான் அழுத்திக்கொண்டிருக்கிறேன்.