வங்கி வாசலில் காய்ந்த வடாம்

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதையைக் கூலிக்கு எழுதத் தொடங்கினேன். கடலூர் முதுநகரில் ராஜசபேசன் குடும்ப முதலீட்டு பேங்க் என்று ஒன்று உண்டு. இந்த 1949-இல் அதற்கு இருபத்தைந்து வயது. வெள்ளிவிழா மலருக்கு வரலாறு எழுத, இப்போது பேங்க்கை நடத்தும், ராஜசபேசனின் மகன் ஹேமசபேசன் என்னைக் கூப்பிட்டார்.

"அப்பாவப் பத்தி கொஞ்சம் ஜாஸ்தியா இருந்தாலும் பரவால்ல" என்றார். பாதிக் கூலி கைக்கு வந்தது. மீதி, மலர் அச்சானதும்.

அந்த உற்சாகத்தில் இப்படி ஆரம்பித்தேன்:

'வங்கக் கடலின் அலைகள் வந்து வணங்கும் கடலூரில், வணிக வானின் விடிவெள்ளியென ஸ்ரீமான் ராஜசபேசன் அவர்கள்...'

அலைகள் யாரையும் வணங்கி நான் பார்த்ததில்லை. அடித்தேன்.

'கையில் ஒரு பித்தளைச் செம்போடு, காலில் செருப்பும் இன்றி...'

அவருடைய அப்பா உப்பு வியாபாரத்தில் நன்றாகச் சம்பாதித்தவர். பையனுக்கு நாலு ஜோடி செருப்பு இருந்தது. பணக்காரர் வரலாறுகளில் மட்டும் எல்லாரும் ஏன் ஏழையாகப் பிறக்கிறார்களோ. இதையும் அடித்தேன்.

மூன்றாவது ஆரம்பம் இதோ. இதை அடிக்கப்போவதில்லை.

2

1942, ஆனி மாதம். கடலூரில் ஜப்பான்காரன் குண்டு விழவில்லை. குண்டு விழும் என்ற பேச்சு மட்டும் தினமும் விழுந்தது. சித்திரையில் சென்னைப் பட்டணமே பாதி காலியாகியிருந்தது. யார் மூட்டை கட்டுகிறார் என்று ஊரார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பேங்க்கில் ராஜசபேசனின் எண்ணெய்ச் சாயப் படம் தொங்குகிறது. வலது கை ஓர் உலக உருண்டையின் மேல் இருக்கும். (மனிதர் பட்டணத்தைத் தாண்டிப் போனதில்லை. உருண்டை ஓவியருடையது.) ஆனால் படத்தைப் பார்த்துச் சிரித்த பிறகு ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். அடுக்குப்பானைக்குள் கிடந்த ஊர்ப்பணத்தை வாங்கி, வட்டிக்கு விடாமல், தொழில்களில் பங்காகப் போட்டவர் அவர். குறிஞ்சிப்பாடி பஸ்ஸும் கடலை எண்ணெய் மில்லும் அந்தப் பணத்தில் ஓடியவை.

சங்கடமும் அதில்தான். எல்லாரும் ஒரே நாளில் பணத்தைக் கேட்டால், பஸ்ஸை உடைத்துச் சில்லறையாகக் கொடுக்க முடியாது.

ஆகவே ஊருக்குத் தைரியம் காட்ட ராஜசபேசன் ஒரு காரியம் செய்தார். சிதம்பரம் ஆனித் திருவிழாவில் ஒரு நாள் செலவு அவர் குடும்பத்துடையது, அவர்கள் மண்டகப்படி. அதை அந்த வருஷம் இரட்டிப்பாகச் செய்தார். இரண்டு செட் நாகஸ்வரம், மலைபோல் பூ, தமக்கு ஒரு சாண் சரிகை போட்ட அங்கவஸ்திரம்.

சுவாமிக்கு முன் அவர் கைகூப்பி நின்றபோது தந்தி வந்தது. காசாளர் சுப்பராயலு அடித்திருந்தார்: பணம் கேட்டு வாசலில் கூட்டம், கவுண்டர் திறந்தால் கையிருப்பு மத்தியானம்வரை தாங்காது.

3

[இனி ரயில் காட்சி. அவர் மனசுக்குள் ஓடியது உமக்கு எப்படித் தெரியும் என்று கேட்பீர்கள். தெரியாது. அவர் இறந்து மூன்று வருஷமாகிறது. ஆனாலும் எழுதுகிறேன்.]

இவ்வளவு செய்தும் ஏன் கூட்டம் என்று ராஜசபேசனுக்குப் புரியவில்லை. பரங்கிப்பேட்டையில் இரண்டு பேர் ஏறி எதிரே உட்கார்ந்தார்கள்.

"கேட்டியா மச்சான், முதுநகர் பேங்க்காரரு மண்டகப்படிய ரெட்டிப்பா செய்யுறாராம்."

"அப்புறம்? சாமி பாக்கிய மொத்தமாத் தீத்துட்டு ஊர விட்டுக் கெளம்பறாரு. எங்க மாமா காலைலயே போயி வாசல்ல நின்னுட்டாரு."

"ஆளு எப்புடி இருப்பாரு?"

"ஒரு சாண் சரிகையில அங்கவஸ்திரம் போட்டிருப்பாராம்."

ராஜசபேசன் அங்கவஸ்திரத்தை மெதுவாக எடுத்து, நாலாக மடித்து, அதன்மேல் உட்கார்ந்துகொண்டார். கூட்டத்தைக் கூட்டியது ஜப்பான்காரன் இல்லை, இரண்டு செட் நாகஸ்வரம் என்று அப்போதுதான் விளங்கியது.

முதுநகர் வந்தது. இறங்காமலே இருந்துவிடலாம், வண்டி விழுப்புரம் போகும், அங்கிருந்து எங்கும் போகலாம். (இந்த இடத்தில் அவரை ஒரு நிமிஷம் தயங்க வைத்தேன். தயங்காத ஆளை எனக்கு எழுதத் தெரியாது.) இறங்கினார். இறங்கியது மட்டும் என் கற்பனை இல்லை.

4

வரும் வழியில் ஒரு சொற்பொழிவு தயாராகியிருந்தது: 'மகாஜனங்களே, நாணயமே எங்கள் மூலதனம்...'

தெரு திரும்பினார். பேங்க் வாசலில் வரிசை நின்றது. ஆனால் வரிசை கத்தவில்லை. குடையை ஆட்டிக் காக்கை விரட்டிக்கொண்டிருந்தது.

பேங்க் கீழே, வீடு மாடியில். மனைவி சிவகாமியம்மாள் பாயையும் ஈர வேட்டிகளையும் வாசலில் விரித்துக் கூழ் வடாம் போட்டுக்கொண்டிருந்தார். வரிசையில் முதல் ஆள் தேவசகாயம், ரயில்வே கூட்ஸ் ஷெட் குமாஸ்தா. அவருக்கும் அம்மாளுக்கும் நடந்த பேச்சைச் சுப்பராயலு ஜன்னல் வழியே கேட்டிருக்கிறார்.

"அண்ணே, நிக்கிறதுதான் நிக்கிறீங்க, அந்தக் காக்காவ வெரட்டுங்க."

"காக்கா வெரட்டவா வந்தேன்? ஏம் பொண்ணு கல்யாணக் காசு உள்ள கெடக்குதும்மா."

"யாரு, ஞானமேரிக்கா? எப்ப கல்யாணம்?"

"ஆவணியில."

"அப்ப ரெண்டு படி ஒங்களுக்குன்னு எடுத்து வெக்கறேன். இப்ப பொரிச்சா எண்ண குடிக்கும். ஆவணியில நானே கொண்டாந்து தரேன்."

"எங்களுக்கெல்லாம் கெடையாதா?" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

"காக்கா தின்னது போக மிச்சம் ஒங்களுக்குத்தான். நல்லா வெரட்டுங்க."

வரிசை சிரித்தது. ஓடிப்போகிறவள் ஆவணிக்கு வடாம் போடுவாளா என்று அதில் எத்தனை பேர் யோசித்தார்களோ.

அப்போதுதான் ராஜசபேசன் வந்து நின்று தொண்டையைச் செருமினார்.

"வந்துட்டீங்களா?" என்றார் சிவகாமியம்மாள், கூழிலிருந்து கண்ணை எடுக்காமல். "தெக்கால பாருங்க, காக்கா."

சொற்பொழிவு அங்கேயே நின்றது. ஒரு சாண் சரிகை அங்கவஸ்திரத்தை உதறி, ராஜசபேசன் காக்கையை விரட்டினார். சரிகையில் கூழ் அப்பியது. அவருடைய வரலாற்றில் அவர் மிகக் கம்பீரமாக இருந்த நேரம் இதுதான் என்பது என் கட்சி.

கவுண்டர் திறந்தது. "எவ்ளோ தரணும், தேவசகாயம்?" என்றார் சுப்பராயலு.

தேவசகாயம் திரும்பி வாசலைப் பார்த்தார். "ஆவணியில வாங்கிக்கிறேன்" என்று குடையை மடக்கிக்கொண்டு போனார். அடுத்தவரும் போனார். நின்று கேட்டவர்களுக்கு முழுப்பணமும் கொடுக்கப்பட்டது. மத்தியானம் தாண்டியும் பெட்டியில் மிச்சம் இருந்தது.

5

ஹேமசபேசன் படித்துவிட்டு முகம் சுளித்தார். "பேங்க் வரலாத்துல வடாமாங்க? அப்பா பேசினாரு, கூட்டம் கலைஞ்சுதுன்னு போடுங்க."

அது முதல் முடிவு. அம்மாள் எல்லாம் தெரிந்தே செய்தார் என்பது இரண்டாவது. ஒன்றும் தெரியாமல் வடாம் மட்டுமே போட்டார் என்பது மூன்றாவது. எது என்று அவரையே போய்க் கேட்டேன்.

"மாவு புளிச்சிடுமேன்னு போட்டேன்" என்றார்.

ஆனால் அந்த வீட்டில் சித்திரையிலேயே வடாம் போட்டாயிற்று, இரண்டு டின் நிறைய இருந்தது என்கிறார் சுப்பராயலு. மறுபடி போய்க் கேட்டேன்.

"டின்னுல இருந்தது எல வடாம். இது கூழு வடாம்."

"வழக்கமா மாடியிலதானே காய வெப்பீங்க?"

"மாடியில காக்கா வெரட்ட ஆளு ஏது?" என்று எழுந்து உள்ளே போய்விட்டார்.

மலர் அச்சுக்குப் போகிறது. ராஜசபேசன் படத்தின் கீழே 'வணிக வானின் விடிவெள்ளி' என்று போட்டாயிற்று. அங்கவஸ்திரத்தில் கூழ்க்கறையை ஓவியர் போடவில்லை, நீங்கள் போட்டுக்கொள்ளுங்கள். எதிர்ப்பக்கம் சிவகாமியம்மாள் படம். அதன் கீழே ஒரு வரிக்கு இடம் விட்டிருக்கிறார்கள். மூன்று நாளாக உட்கார்ந்திருக்கிறேன், வரவில்லை. நீங்கள்தான் எழுத வேண்டும்:

. . . . . . . . . . . . . . . . . . . .

என் மீதிக் கூலி அந்த வரியில் தொங்குகிறது. கொஞ்சம் பார்த்து எழுதுங்கள்.