நடுக்கடலில் நின்றுபோகும் படகு

வேல்விழிக்குக் கால் முறிந்தது ஜூலை மாதம், சீசன் கூட்டத்தில். குற்றாலம் அருவியில் பெண்கள் பக்கம் போலீஸ் பந்தோபஸ்துக்கு நின்றிருந்தாள். தண்ணீர் கூடுகிறது, எல்லாரையும் வெளியேற்றுங்கள் என்று வாக்கிடாக்கியில் உத்தரவு வந்தது. வரமாட்டேன் என்று அடம்பிடித்த இரண்டு பெண்களைக் கையைப் பிடித்து இழுத்து மேலே விட்டாள். பிறகு தான் இறங்கும்போது பாசிப் படியில் வழுக்கினாள். கணுக்காலுக்கு மேலே இரண்டு எலும்பும் போயிற்று. தென்காசியில் தகடு வைத்துக் கட்டுப் போட்டு, இரண்டரை மாதம் காலை ஊன்றக் கூடாது என்று சொல்லி அனுப்பினார்கள்.

அவளுடைய புருஷன் பாண்டி ராணுவத்தில் ஹவில்தார். அப்போது அஸ்ஸாமில் இருந்தான். வாசுதேவநல்லூரிலிருந்து அம்மாவும் தம்பியும் வந்தார்கள். அம்மா பதினைந்து நாள் இருந்து சமைத்துப் போட்டாள். நடவு தொடங்கியதும் கிளம்பிவிட்டாள். தம்பி செய்த ஒரே உதவி, மாடி அறையில் இருந்த பாண்டியின் கம்ப்யூட்டரைக் கீழே ஹாலில் இறக்கி வைத்ததுதான். பொழுது போகட்டும் என்று அதில் ஒரு விளையாட்டையும் ஏற்றிக் கொடுத்தான்.

அது சரக்குப் படகு ஓட்டுகிற விளையாட்டு. தீவுக்குத் தீவு அரிசியும் டீசலும் மருந்தும் கொண்டுபோய் இறக்க வேண்டும். சண்டை கிடையாது, எதிரி கிடையாது. காற்று, அலை, எரிபொருள், நேரம் இவ்வளவுதான். பத்து வருஷம் காக்கிச் சட்டையில் ஓடிய வேல்விழிக்கு, யாரையும் அதட்ட வேண்டியிராத அந்த வேலை பிடித்துப்போயிற்று. ஒரு வாரத்தில் பதினோரு தீவு முடித்தாள். வரைபடத்தின் மேற்கு மூலையில் பன்னிரண்டாவது தீவு ஒன்று இருந்தது. அங்கே போக இடையில் துறைமுகம் கிடையாது. நிற்காமல் நாற்பது நிமிஷம் ஓட்ட வேண்டும். துறைமுகத்தில் கட்டினால்தான் பயணம் பதிவாகும்.

அந்தப் பயணம் முடியவே இல்லை. பத்தாவது நிமிஷத்திலோ முப்பதாவது நிமிஷத்திலோ அலைகள் அப்படியே நின்றுவிடும். கடைசியாகக் கேட்ட அலைச் சத்தம் ஒற்றை இரைச்சலாக இழுத்துக்கொண்டே இருக்கும். மவுஸும் கீபோர்டும் செத்ததுபோலக் கிடக்கும். பவர் பட்டனை அழுத்திப் பிடித்து அணைத்துத் திரும்பவும் போட்டால் படகு புறப்பட்ட துறையில் நிற்கும். விளையாட்டை அழித்துவிட்டுப் புதிதாக ஏற்றிப் பார்த்தாள். படத்தின் தரத்தைக் குறைத்துப் பார்த்தாள். பாண்டி போனில் சொன்ன நாலைந்து யோசனையையும் செய்து பார்த்தாள். படகு நின்றுகொண்டுதான் இருந்தது. அதே கம்ப்யூட்டரில் சினிமா பார்த்தால் ஒன்றும் ஆவதில்லை.

தென்காசியில் கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை வைத்திருக்கும் முஹ்ஸினாவைக் கூப்பிட்டாள். ஸ்டேஷன் கம்ப்யூட்டர்களுக்கு வந்து போன பழக்கம். முஹ்ஸினா ஸ்கூட்டரில் பையோடு வந்தாள். பெட்டியைத் திறந்து தூசியை ஊதினாள், மெமரி அட்டையைக் கழற்றி ரப்பரால் தேய்த்துப் பொருத்தினாள், உள்ளே சூட்டைக் கடத்துகிற பழைய பசையைத் துடைத்துவிட்டுப் புதிதாகப் பூசினாள், சூடு எவ்வளவு ஏறுகிறது என்று அரை மணி நேரம் பார்த்தாள். சூடு கட்டுக்குள்தான் இருந்தது. அவள் கிளம்பும்வரை படகு நிற்கவில்லை. மறுநாள் காலையிலேயே நின்றது.

இந்தத் தடவை முஹ்ஸினா பெட்டியைக் கடைக்கே எடுத்துப் போனாள். இரண்டு நாள் வைத்து, ஒரே மூச்சில் ஏழு மணி நேரம் அந்த விளையாட்டை ஓடவிட்டாள். ஒரு தடவைகூட நிற்கவில்லை. திரும்பக் கொண்டுவந்து வைத்து, அவள் டீ குடித்து முடிப்பதற்குள் அலை நின்றது.

"அக்கா, பெட்டில ஒரு கோளாறும் இல்ல. உங்க வீட்லதான் இருக்கு" என்றாள் முஹ்ஸினா.

என்ன கோளாறு என்று அவளால் சொல்ல முடியவில்லை. கரண்டாக இருக்கலாம் என்றாள். எப்போது நிற்கிறது, அந்த நேரம் வீட்டில் வேறு என்ன நடக்கிறது என்று கவனித்து எழுதிவைக்கச் சொன்னாள்.

எழுதிவைப்பது வேல்விழிக்குப் பழக்கமான வேலை. ஒரு நோட்டை எடுத்து நான்கு நாள் தேதி, மணி, நிமிஷம் எல்லாம் குறித்தாள். மூன்றாம் நாள்தான் ஒன்று பிடிபட்டது. அலை நிற்பதற்குக் கண்சிமிட்டும் நேரம் முன்னால் ஹால் டியூப்லைட் லேசாக மங்குகிறது. அதைப் பார்த்ததும் அவள் தலை தானாகப் பக்கத்துக் கட்டடத்தின் பக்கம் திரும்பியது.

இலஞ்சியிலிருந்து குற்றாலம் போகிற ரோட்டில் அவள் வீட்டை ஒட்டி ஒரு லாட்ஜ் இருந்தது. பதினாறு அறை. நடத்துகிறவர் குற்றாலீஸ்வரன். சீசனில் நாளெல்லாம் தண்ணீர் ஏற்றியாக வேண்டும். பெரிய மோட்டார். அதுதான் கரண்டை உறிஞ்சுகிறது என்று வேல்விழி முடிவு கட்டினாள். நோட்டின் மேலே 'லாட்ஜ் மோட்டார்' என்று எழுதி அடிக்கோடும் போட்டாள். மின்வாரியத்துக்குப் புகார் எழுதித் தரப்போவதாக முஹ்ஸினாவிடம் போனில் சொன்னாள்.

"புகார் கொடுக்குறதுக்கு மின்ன ஒருக்கா டெஸ்ட் பண்ணிருவோம்க்கா. நீங்க வெளையாடும்போது அவுங்க மோட்டாரப் போட்டு நிப்பாட்டணும். நிக்குதா இல்லியான்னு தெரிஞ்சிரும்."

அதற்குக் குற்றாலீஸ்வரனிடம் போய்க் கேட்க வேண்டும். அதுதான் வேல்விழிக்குக் கஷ்டம். போன வருஷ சீசனிலிருந்து அவர் அவளோடு பேசுவதில்லை. லாட்ஜில் தங்கியிருந்த ஒரு குடும்பத்தின் தங்கச் சங்கிலியைக் காணோம் என்று ஒரு நாள் ஸ்டேஷனுக்குப் புகார் வந்தது. அறையைத் துடைத்த லாட்ஜ் ஆள் யார், அவன் எங்கே என்று கேட்டு, குற்றாலீஸ்வரனை அழைத்துவந்து ஸ்டேஷன் வராந்தா பெஞ்சில் உட்கார வைத்தார்கள். அழைத்துவந்தவள் வேல்விழி. காலை ஒன்பதிலிருந்து ராத்திரி ஏழு வரை அவர் அந்தப் பெஞ்சில் இருந்தார். சங்கிலி கடைசியில் அந்தக் குடும்பத்தின் காரிலேயே, பின்சீட்டு இடுக்கில் கிடந்தது. அதுவரை அவளைத் தங்கச்சி என்று கூப்பிட்டவர், பிறகு எதிரே வந்தால் தலையைத் திருப்பிக்கொண்டார்.

இரண்டு நாள் யோசித்துவிட்டு, மூன்றாம் நாள் காலையில் சாரலில் ஊன்றுகோலோடு போனாள். அவர் கவுண்டரில் இருந்தார். அவள் படியேறுவதைப் பார்த்து எழுந்து வந்து ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார். ஆனால் பேசவில்லை. அவள் விஷயத்தைச் சொன்னாள். விளையாட்டு என்று சொல்லும்போது அவளுக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது. அவர் சிரிக்கவில்லை. தன் மோட்டாரால் பக்கத்து வீட்டுக்குத் தொந்தரவு என்றால் அது தனக்கும் தெரிய வேண்டும் என்றார். தானே வந்து பார்ப்பதாகவும் சொன்னார்.

பதினோரு மணிக்கு முஹ்ஸினா வந்தாள். குற்றாலீஸ்வரன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து ஹாலில் நின்றார், உட்காரவில்லை. லாட்ஜில் வேலை பார்க்கும் இசக்கிமணியிடம் போனில் மோட்டாரைப் போடச் சொன்னார். சுவருக்கு அந்தப் பக்கம் உறுமல் கேட்டது. படகு ஓடிக்கொண்டிருந்தது. நிறுத்தச் சொன்னார். படகு ஓடியது. மறுபடியும் போடச் சொன்னார், நிறுத்தச் சொன்னார். இப்படி நாலு தடவை. டியூப்லைட் மங்கவும் இல்லை, அலை நிற்கவும் இல்லை.

"எங்களுக்கு மூணு பேஸு கனெக்சன். தனி லைனு. அதுல என்ன இழுத்தாலும் உங்க வீட்டு லைட்டு இப்படி மங்காது" என்றார் அவர். மேசையில் திறந்து கிடந்த நோட்டையும் அதன் மேலே இருந்த அடிக்கோட்டையும் பார்த்தார். பிறகு செருப்பை மாட்டப் போனார்.

அப்போது டியூப்லைட் மங்கியது. அலை நின்றது. இரைச்சல் ஒற்றை ஸ்வரத்தில் இழுத்தது.

அவர் உடனே போனை எடுத்தார். "ஏலே, மோட்டாரு ஓடுதா?"

"இல்ல அண்ணாச்சி. நீங்கதான நிப்பாட்டச் சொன்னிய" என்ற பதில் ஸ்பீக்கரில் எல்லாருக்கும் கேட்டது.

முஹ்ஸினா கையை நீட்டிக் கம்ப்யூட்டர் சத்தத்தைக் குறைத்தாள். ஹாலில் இன்னொரு உறுமல் மிச்சம் இருந்தது. மூலையில் நின்ற பிரிட்ஜ் அப்போதுதான் ஓடத் தொடங்கியிருந்தது. அவள் குனிந்து, கம்ப்யூட்டர் வயர் அலமாரிக்குப் பின்னால் எங்கே போகிறது என்று கையாலேயே பிடித்துக்கொண்டு போனாள். அது பிரிட்ஜுக்குப் பின்னால் போய், பிரிட்ஜின் பிளக்கோடு ஒரே மல்டிபிளக்கில் சொருகியிருந்தது. தம்பி செய்த வேலை. மல்டிபிளக்கைத் தொட்டுவிட்டுக் கையை எடுத்துக்கொண்டாள். ஒரு பக்கம் கருகி, சொருகிய இடம் தளர்ந்து ஆடியது. டியூப்லைட்டுக்கும் அந்தப் பாயிண்டிலிருந்துதான் வயர் போயிருந்தது. மாடியில் இருந்தவரை கம்ப்யூட்டருக்குத் தனிப் பாயிண்ட்.

அவள் விளக்கிச் சொன்னாள். பிரிட்ஜ் கிளம்பும் நொடியில் கரண்டை மொத்தமாக இழுக்கிறது. விளையாட்டு ஓடும்போது படம் வரைகிற அட்டைக்கு நிறையக் கரண்டு வேண்டும். அந்த நொடியில் கிடைக்காவிட்டால் அது அப்படியே நின்றுபோகும். சினிமாவுக்கு அவ்வளவு வேண்டாம், அதனால் அது நிற்பதில்லை. சொன்னதோடு விடாமல் சோதித்தும் பார்த்தாள். பிரிட்ஜ் தானாக நின்ற பிறகு, அது சீக்கிரம் திரும்பக் கிளம்பட்டும் என்று கதவைத் திறந்து வைத்துக் காத்திருந்தாள். மூன்று தடவை பிரிட்ஜ் கிளம்பியது. மூன்று தடவையும் படகு நின்றது. பிரிட்ஜின் பிளக்கைப் பிடுங்கிய பிறகு ஒரு மணி நேரம் நிற்கவில்லை.

இந்தப் பாயிண்டை மாற்றாமல் இரண்டையும் சேர்த்துப் போடக் கூடாது, தீப்பிடித்துவிடும் என்று சொல்லிவிட்டு முஹ்ஸினா அடுத்த வேலைக்குக் கிளம்பினாள். குற்றாலீஸ்வரன் அவ்வளவு நேரமும் போகாமல் இருந்தார். இசக்கிமணிக்கு வயரிங் தெரியும், சாயங்காலம் அனுப்பித் தனி லைன் இழுத்துக் கொடுக்கச் சொல்கிறேன் என்றார். வேல்விழி சரி என்றாள். வேறு ஏதோ சொல்ல வேண்டும் என்று அவளுக்குத் தோன்றியது. அதற்குள் அவர் கேட்டார்.

"நிமிசக் கணக்கா எழுதி வச்சிருக்கியளே மேடம். அந்தச் சங்கிலி கெடச்சது எத்தன மணிக்குன்னு எழுதுனியளா?"

பொய் சொல்ல ஒரு வழி இருந்தது, அதை அவள் பார்த்தாள். பிறகு சொன்னாள்.

"பன்னெண்டே முக்காலுக்கு. அவுங்களே போன் போட்டுச் சொன்னாங்க."

"என்னைய அனுப்புனது ஏழு மணிக்கு."

"ஆமா."

"நாலரைக்கு எம் மவ ஸ்கூல் பஸ்ஸு அந்த வழியா வந்துருக்கு. ஜன்னல் வழியா என்னப் பாத்துருக்கா. வீட்ல வந்து ஒரு வார்த்த சொல்லல. ஆறு மாசம் கழிச்சி அவ அம்மைட்ட கேட்டுருக்கா, அப்பா என்ன களவாண்டாங்கன்னு."

இன்ஸ்பெக்டர் வெளியே போயிருந்தார், அவர் வராமல் யாரையும் அனுப்பக் கூடாது என்றார்கள் என்று வேல்விழி சொன்னாள். அது உண்மைதான். ஆனால் அதோடு நிறுத்திக்கொள்ள அவளால் முடியவில்லை.

"அவரு வர வரைக்கும் அனுப்ப முடியாது, சரி. ஆனா சங்கிலி கெடச்சிட்டுன்னு உங்ககிட்ட நான் வந்து சொல்லியிருக்கலாம் அண்ணாச்சி. சொல்லல. லாட்ஜு ஆளுதான் எடுத்திருக்கணும்னு காலைல எல்லார்ட்டயும் சொன்னது நான்தான். எஞ் சொல்லு தப்பாப் போச்சேன்னு இருந்துது. அதான் அந்தப் பக்கமே வரல."

அவர் கேட்டுக்கொண்டார். கோபப்பட்டதாகத் தெரியவில்லை, மனம் இறங்கியதாகவும் தெரியவில்லை. தொட்டியில் தண்ணீர் தீர்ந்திருக்கும், அறைகளில் ஆள் இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனார். சாயங்காலம் இசக்கிமணி வந்து தனி லைன் இழுத்துக் கொடுத்தான்.

இரண்டு நாள் வேல்விழி கம்ப்யூட்டரைத் தொடவில்லை. மூன்றாம் நாள் மத்தியானம் உட்கார்ந்து, நாற்பத்தொரு நிமிஷத்தில் பன்னிரண்டாவது தீவுக்குப் போய்ச் சேர்ந்தாள். அங்கே ஒரு மரத்துறையும் இரண்டு கூரை வீடும் இருந்தன. மருந்துப் பெட்டிகளை இறக்கினாள். வரைபடத்தில் புதிதாக ஏழு தீவுகள் தெரிந்தன. அவள் கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு, காலை நீட்டிப் படுத்து, மேலே ஓடும் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அக்டோபர் முதல் வாரம் டியூட்டியில் சேர்ந்தாள். சேர்ந்த நாலாம் நாள், புதிதாக வந்திருந்த இன்ஸ்பெக்டரிடம் எழுத்தில் ஓர் அறிக்கை கொடுத்தாள். போன வருஷம் இன்ன தேதியில் சங்கிலி கிடைத்த தகவல் பன்னிரண்டே முக்காலுக்குத் தனக்கு வந்தது, குற்றாலீஸ்வரன் என்பவருக்கு அதைத் தெரிவிக்காமல் ஏழு மணிவரை உட்கார வைத்திருந்தது, அவர்மேல் சந்தேகம் என்று பதிவேட்டில் எழுதியதை யாரும் முடித்துவைக்காமல் விட்டது எல்லாம் அதில் இருந்தன. இன்ஸ்பெக்டர் படித்துப் பார்த்துவிட்டு, இதை வாங்கினால் முதலில் விளக்கம் கேட்டு மெமோ வருவது உனக்குத்தான் என்று எச்சரித்தார். யோசித்துவிட்டு நாளைக்கு வா என்றார். அவள் மறுநாளும் அதே தாளோடு போனாள்.

மெமோ வந்தது. பதில் எழுதிக் கொடுத்தாள். மேலே போய் வந்த கோப்பு, அவளைக் கண்டித்த ஓர் உத்தரவோடு முடிந்தது. சங்கிலி விஷயத்தில் குற்றாலீஸ்வரனுக்கோ அவருடைய பணியாளர்களுக்கோ தொடர்பு இல்லை என்று பதிவேட்டில் எழுதினார்கள். பாண்டி போனில் இதைக் கேட்டுவிட்டு, ஒரு விளையாட்டை ரிப்பேர் பார்க்கப் போய் இவ்வளவா என்றான்.

பதிவின் நகல் ஒன்றை உறையில் போட்டு, நவம்பர் மாதம் ஒரு நாள் காலையில் லாட்ஜுக்குப் போனாள். சீருடையில் போக வேண்டாம் என்று நினைத்துச் சேலையில் போனாள். குற்றாலீஸ்வரன் கவுண்டரில் நின்றபடியே இரண்டு தடவை படித்தார். பிறகு உறையை மேசை டிராயரில் வைக்காமல் சட்டைப் பைக்குள் வைத்தார்.

"வீட்டுக்குக் கொண்டு போறேன். எம் மவ படிக்கட்டும்" என்றார். கால் எப்படி இருக்கிறது என்று கேட்டார். மழை பெய்தால் தகடு வலிக்கிறது என்று வேல்விழி சொன்னாள்.

அதற்குள் வாசலில் வேன் ஒன்று வந்து நின்றது. மாலை போட்ட ஐயப்பன்மார் இருபது பேர் ஈரத்துண்டோடு இறங்கி, குளித்துவிட்டு வந்திருக்கிறோம், மத்தியானம் வரை படுக்க இடம் வேண்டும் என்றார்கள். குற்றாலீஸ்வரன் பதிவு நோட்டை எடுத்துப் பேனா மூடியைக் கழற்றினார். வேல்விழி ஓரமாக ஒதுங்கி அவர்களுக்கு வழிவிட்டுவிட்டுப் படியிறங்கினாள்.