திரும்பி வந்தவனின் கடிதங்கள்

தையற்காரியின் கணவன் போரிலிருந்து வீடு திரும்பிய பிறகும் அவனுடைய கடிதங்கள் போர்முனையிலிருந்து வந்துகொண்டிருந்தன. முதலில் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பட்டாளத்துத் தபால் மெதுவாகத்தான் நகரும். சிப்பாய் எழுதியதை ஓர் அதிகாரி படிப்பார். ஊர், பாலம், ஆறு என்று இடத்தைக் காட்டிக்கொடுக்கும் எதன்மேலும் மை பூசுவார். மை காய்ந்ததும் மூட்டையில் போட்டு வாயைத் தைப்பார்கள். மூட்டை ரயிலுக்குக் காத்துக் கிடக்கும். ஆனால் பழக்கதோஷத்தில் தையற்காரி மகளுக்குப் பல் விழுந்ததை எழுதி ஒரு பதில் போட, அடுத்த கடிதம் அந்தப் பல்லைப் பற்றி விசாரித்தது. அதன்பின் தாமதம் என்று சொல்ல வழியில்லை.

வீட்டிலிருந்தவன் எதையும் விசாரிப்பதில்லை. கட்டிலில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பான். சோறு ஆறியிருந்தால் தட்டை வீசுவான். மகள் அவனைத் தாண்டும்போது செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்வாள். கடிதத்திலிருந்தவனோ, கரண்டியைத் தொலைத்த பட்டாளத்துச் சமையல்காரன் மண்வெட்டியால் குழம்பைக் கிண்டியதை எழுதித் தையற்காரியை விழுந்து விழுந்து சிரிக்கவைத்தான்.

"வீட்ல ஒருத்தன், தபால்ல ஒருத்தன். உனக்கென்னடி குறைச்சல்?" என்றாள் மாமியார்.

தையற்காரி ஊசியில் நூலைக் கோத்தாள். "மாத்திக் குடுத்தா வாங்கிக்குவேன் அத்தை."

குளிர் விடும் சமயத்தில் ஒரு கடிதம் வந்தது. விடுப்பு கிடைத்துவிட்டது, புறப்படுகிறேன் என்று இருந்தது. எங்கே என்பதன்மேல் மை. வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தும் தெரியவில்லை. கணவன் எழுந்து வந்து வாங்கிப் பார்த்தான்.

"வீட்டுக்குன்னு எழுதியிருக்கான். சிப்பாய் போற இடம் எதுவானாலும் அழிச்சிடுவாங்க."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"என் கையெழுத்துதானே." கடிதத்தை மடித்து அவள் மடியில் வைத்தான். "அவன் வந்தா இங்கயே இருக்கட்டும். நான் வேற இடம் பாத்துக்கறேன்."

அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை. போருக்கு முந்தைய அளவில் ஒரு சட்டை தைக்கத் தொடங்கினாள். வீட்டிலிருந்தவனுக்கு அது இரண்டு பேர் நுழையும் அளவு. காலருக்கு இரட்டைத் தையல் போட்டாள். கடைசிப் பொத்தானுக்குத் துளை வெட்டிக்கொண்டிருந்தபோது தந்தி வந்தது. விடுப்பில் வந்தவர்களின் வண்டி கண்ணிவெடியில் சிக்கிவிட்டது, யாரும் பிழைக்கவில்லை.

கணவன்தான் கையெழுத்துப் போட்டு வாங்கினான். படித்துவிட்டு அவளிடம் நீட்டினான். அவள் தைத்த சட்டையை முகத்தில் அழுத்திக்கொண்டு அழுதாள். தெருவே திரண்டு வந்தது. நல்ல மனுஷன், இப்படியா போகணும் என்றார்கள். துக்கம் கேட்க வந்தவர்களுக்கு அவன்தான் நாற்காலி எடுத்துப் போட்டான்.