குழாய்க்கும் பேர் போட்டான்

என் தம்பி பரிசோதனைக் குறும்படம் எடுக்கிறான். பரிசோதனை முழுக்க என்மேல்தான். இருப்பது என் வீட்டில், படம் பிடிப்பது என் சமையலறையில். கேமரா, வெளிச்சம், எடிட்டிங் எல்லாம் அவன் ஒருவனே. சாப்பாடு மட்டும் நான்.

இந்த முறை கதாநாயகன் எங்கள் ஒழுகுகிற குழாய். நான் வரச்சொன்ன பிளம்பரை வாசலிலேயே மறித்துத் திருப்பி அனுப்பிவிட்டான்.

"படம் முடியிற வரைக்கும் அதுல கை வைக்கக்கூடாதுக்கா. காலம் கசியுதுன்னு காட்டுறேன்."

"காலமா? கீழ்வீட்டுக்காரர் தலையில தண்ணி கசியுதுடா!"

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. ஓடட்டுமே, எனக்கென்ன? அவன் துவைக்காத சட்டையில் ஆரம்பித்து, அவனுக்காக நான் பாதியில் விட்ட படிப்பு வரை கொட்டித் தீர்த்தேன். கடைசியில் அழுதும்விட்டேன். அந்தப் புண்ணியவான் குழாயிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

படம் ஒரு விழாவுக்குத் தேர்வானது. நானும் போனேன். திரையில் குழாய் சொட்டியது. அரங்கில் பாதிப் பேர் தூங்கி வழிந்தார்கள். என் குரல் வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். நான் அழுத இடத்தில் பக்கத்து இருக்கைப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. இத்தனை வருஷத்தில் நான் படும் பாட்டை யாரோ காது கொடுத்துக் கேட்டிருக்கிறார்கள்!

கடைசியில் பெயர்கள் ஓடின. எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, ஒலி எல்லாவற்றுக்கும் அவன் பேர். நடிப்பு: சமையலறைக் குழாய். அவ்வளவுதான்.

நடுவர் எழுந்தார். "அந்தக் குரல் யாரோடது தம்பி? படமே அதுதான்."

அவன் மேடையில் தாடியைத் தடவினான். "அது சுத்துப்புறச் சத்தம் சார்."



மறுநாளே பிளம்பர் வந்தார். குழாய் வாயை மூடியது. நானும் மூடிக்கொண்டேன்.

அடுத்த படம் கேட்டு விழாக்காரர்கள் அவனை நச்சரித்தார்கள். சமையலறையில் கேமராவை வைத்துக்கொண்டு காத்துக் கிடந்தான். ஈரத் துண்டை என் கட்டிலில் போட்டான். தட்டை வேண்டுமென்றே போட்டு உடைத்தான். நான் பேசாமல் கூட்டி அள்ளினேன்.

"அக்கா, திட்டுக்கா. கொஞ்சமாவது. உன் கால்ல வேணா விழறேன்."

"என் பேரு வருமா?"

"தனியா படம் எடுக்கிறவன்னுதானே எனக்குப் பேரு! நீயே அதைக் கெடுக்கலாமா?"

நேராகப் போய்க் கேமராவை அணைத்தேன். பிறகு ஆசை தீரத் திட்டினேன். என் ஆயுசில் அப்படித் திட்டியதில்லை. ஒவ்வொரு வார்த்தையும் அத்தனை பிரமாதமாக வந்து விழுந்தது. அவன் தலையில் கைவைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டான்.