பத்தொன்பதாம் இழுப்பறை

பெரியவர் வீட்டு அட்டை அறைக்குள் கடல் நாளுக்கு இரண்டு தரம் ஏறி இறங்கியது. கடற்கரை அங்கிருந்து நானூறு கிலோமீட்டர். அதைக் கசிவு என்று சொல்ல வீட்டில் யாருக்கும் அனுமதி இல்லை. ஒரே ஒரு முறை, விஷயம் தெரியாத குழாய்க்காரர் ஒருவர் பையோடு வந்து சுவரைத் தட்டிப் பார்த்தார். தண்ணீரை விரலால் தொட்டு நாக்கில் வைத்தார். "உப்பு கரிக்குதுங்க, இது நம்ம லைன் இல்லை" என்று சொல்லிவிட்டுக் கூலி வாங்காமல் போனார். அதற்குப் பிறகு யாரையும் கூப்பிடவில்லை. தண்ணீர் முழங்காலுக்கு ஒரு சாண் கீழே வந்து நிற்கும். முந்தின நாளைவிட ஐம்பது நிமிஷம் தள்ளி வரும். நிலைப்படியைத் தாண்டி ஒரு சொட்டுகூடக் கூடத்துக்கு வந்ததில்லை. மரியாதை தெரிந்த கடல் என்று பெரியவர் அதைப் பற்றிச் சொல்வார்.

பெரியவர் பெருங்கடலின் தீவு மொழிகளை ஒப்பிட்டவர். அறையின் நீளச் சுவரை அடைத்து நின்ற மர அலமாரியில் முப்பத்தோரு இழுப்பறைகள், தீவுக்கு ஒன்றாக. ஒவ்வொன்றிலும் இருநூறு அட்டைகள். கண், காது, கல், தண்ணீர், நெருப்பு, ஒன்று முதல் பத்து என்று மனிதன் கடன் வாங்காமல் வைத்திருக்கக்கூடிய சொற்கள் மட்டும். நீர் ஏறியதும் இழுப்பறைகள் தாமே திறக்கும். அட்டைகள் வெளியே வந்து மிதக்கும். உடன்பிறந்த மொழிகளின் அட்டைகள் தோள் உரச நெருங்கி நிற்கும், ஒன்றுவிட்டவை ஒரு முழம் தள்ளி நிற்கும். நீர் வடியும்போது எல்லாம் தத்தம் இழுப்பறைக்குத் திரும்பிவிடும். மை ஒருநாளும் கலைந்ததில்லை. எந்தத் தீவு எந்தத் தீவுக்குப் பங்காளி என்பதைப் பெரியவர் அந்த மிதப்பிலிருந்தே அறிந்துகொண்டார் என்றாலும், புத்தகத்தில் அதைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. "கடல் சொல்லிச்சுன்னு நான் எழுதினா, நாளைக்கு எவனாவது மழை சொல்லிச்சுன்னு எழுதுவான்" என்றார். அவருடைய அத்தாட்சி வேறு வகை. ஒரு தீவில் எங்கெல்லாம் 'த' ஒலிக்கிறதோ, பங்காளித் தீவில் அங்கெல்லாம் 'க' ஒலிக்க வேண்டும். ஒரு சொல்லில் ஒலித்து இன்னொன்றில் ஏமாற்றினால் அது உறவல்ல, பக்கத்து வீட்டில் வாங்கிய இரவல். சில தீவுகளில் கடலுக்குத் 'தாய்' என்று பெயர் எனக் கேள்விப்பட்டு, அது நம் மொழிதான் என்று கண்ணீரோடு வந்த தெருக்கவிஞரை உட்காரவைத்து, "பஸ் ஸ்டாப்பில ரெண்டு பேர் ஒரே கலர் சட்டை போட்டிருந்தா அண்ணன் தம்பியா?" என்று கேட்டு அனுப்பியவர் அவர்.

முப்பது இழுப்பறைகள் இப்படித் திறந்து மூடின. பத்தொன்பதாவது மட்டும் திறக்கவில்லை. இருபத்தெட்டு வயதில் பெரியவர் அந்தத் தீவுக்குக் கப்பலேறிப் போய் மூன்று வாரம் ஒரு வீட்டில் தங்கி, அந்த வீட்டு மூத்த மருமகளிடம் கேட்டுக் கேட்டு எழுதிவந்த பட்டியல் அது. பாதிச் சொற்கள் எதனோடும் ஒட்டவில்லை. ஒட்டிய மீதியை அண்டைத் தீவுகளின் இரவல் என்று அவர் தள்ளினார். கடல் நடுவே தனியாக நிற்கும், எந்தக் குடும்பத்தையும் சேராத மொழி என்று தம் புத்தகத்தின் ஒன்பதாம் அத்தியாயத்தில் எழுதினார். அந்த அத்தியாயம்தான் அவருக்குப் பதக்கம் வாங்கிக் கொடுத்தது, தெருவில் அந்த வீட்டுக்கு ஒரு தலைநிமிர்வைக் கொடுத்தது. வேறு தேசங்களில் மூன்று பேர் அதன் மேல் தங்கள் ஆய்வுப் பட்டங்களைக் கட்டினார்கள். நனையாத இழுப்பறையை வீட்டில் எல்லோரும் ஒரு சாமான் மாதிரி இல்லாமல் ஒரு சாட்சி மாதிரி துடைத்து வைத்தார்கள்.

அந்தக் குடும்பத்தில் யாரும் யாரையும் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. பெரியவர், அவர் பிள்ளைகள் மூத்தவர், சின்னவர், சின்னவரின் மனைவி சின்ன மருமகள், அவ்வளவுதான். பெரியவர் தொண்ணூற்று மூன்றாம் வயதில், நீர் ஏறும் நேரத்தில், நாற்காலியில் உட்கார்ந்தபடி காலமானார். மனைவி அவருக்கு முன்பே போயிருந்தாள். சின்னவர் வெளியூர் வேலையிலேயே ஆயுளில் பாதியைக் கழித்தவர். எனவே அட்டைகள் சின்ன மருமகளிடமும் கௌரவம் மூத்தவரிடமும் வந்து சேர்ந்தன. மூத்தவர் நில அளவைத் துறையில் ஓய்வு பெற்றவர், கல்யாணம் செய்துகொள்ளாதவர், எழுபது வயதிலும் நாற்காலியின் முதுகில் சாயாதவர். சின்ன மருமகள் முப்பத்து நான்கு வருஷமாக மாமனாருக்கு அட்டை எடுத்துக் கொடுத்து, அந்த வேலையில் அவருக்குச் சமமானவள். சமையலறை நாள்காட்டியில் நீர் ஏறும் நேரத்தைக் குறித்து வைப்பதும் அவள்தான். அவளிடம் ஒரு விளையாட்டுத்தனம் இருப்பதாக மூத்தவர் நினைத்திருந்தார். "வியாழனுக்கு மறுநாள் பத்தரைக்கு ஏறும் அத்தான், வேட்டியைத் தூக்கிக் கட்டிக்குங்க" என்பாள். விருந்தாளி வந்தால் எடுக்கும் டம்ளர்களைப் பளபளப்பு டம்ளர் என்பாள்.

புத்தகத்தின் ஐந்தாம் பதிப்பு அச்சகத்தில் இருந்தபோது மூத்தவர் இடது கண்ணில் புரை எடுத்துக்கொண்டார். கட்டுப் பிரிக்க வந்த நர்ஸ் அந்தப் பத்தொன்பதாம் தீவுக்காரி என்று பேச்சோடு பேச்சாகத் தெரிந்ததும், அவருக்குப் பெருமை பிடிபடவில்லை. பத்தொன்பதாம் இழுப்பறையின் முதல் அட்டை அவருக்குப் பாலகனாக இருந்தபோதே மனப்பாடம். கண்ணுக்கு உங்கள் சொல் இதுதானே என்று அதைச் சொல்லிக் காட்டினார். நர்ஸ் மருந்துத் தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள்.

"ஐயா, இதை யாரு உங்களுக்குச் சொன்னாங்க? இது 'பார்க்கிறது'ன்னு அர்த்தம். வீட்டுல மாமனார் இருந்தா மருமகளுங்க சொல்றது. கண்ணுக்கு 'மாக்கா'."

மூத்தவருக்குத் தெரியும், மற்ற தீவுகளில் பலவற்றில் கண் 'மாத்தா'. 'த' இருந்த இடத்தில் 'க'. அளவுச் சங்கிலியோடு வாழ்நாளைக் கழித்தவருக்கு ஒரு கல் நகர்ந்திருப்பது கண்ணில் படாமல் போகாது. அவர் நன்றி சொல்லிவிட்டு, கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தார். யாரிடமும் மூச்சு விடவில்லை.

அன்று மதியம் ஏறிய நீர் வடியவில்லை. மறுநாளும் வடியவில்லை. அட்டைகள் வீட்டுக்குப் போக முடியாத பள்ளிப் பிள்ளைகளைப் போல அறை முழுக்க நின்றன. "கடலுக்கும் ஓய்வு வேணும்" என்றார் மூத்தவர். நான்காம் நாள் முழங்காலைத் தொட்டது. ஏழாம் நாள் ரப்பர் பூட்ஸ் வாங்கி வந்தார். அச்சகத்திலிருந்து தினம் போன் வந்தது. ஒன்பதாம் அத்தியாயத்தின் மெய்ப்பில் மூத்தவர் கையெழுத்திட்டால் இயந்திரம் ஓடிவிடும். அவர் பேனாவைத் திறப்பார், நீரைப் பார்ப்பார், மூடி வைப்பார். பதினோராம் நாள் சின்ன மருமகள் கேட்டாள்: "அத்தான், ஆஸ்பத்திரியில என்ன நடந்துச்சு?" "கட்டுப் பிரிச்சாங்க." "கண்ணை மட்டுமா பிரிச்சாங்க?" அவள் போய் விசாரித்துக்கொண்டாள்.

மறுநாள், கண்ணுக்குச் சொட்டு மருந்து விடுகிற சாக்கில், அவள் நர்ஸை வீட்டுக்கே வரவழைத்தாள். அட்டை அறை வாசலில் நர்ஸ் செருப்பைக் கழற்றினாள், உள்ளே இறங்கினாள், சுற்றிலும் பார்த்தாள். "எங்க ஊர்ல இதைவிட ஆழம்" என்று மட்டும் சொன்னாள். பத்தொன்பதாம் இழுப்பறையைச் சின்ன மருமகள் கையால் இழுத்துத் திறந்தாள். இருநூறு அட்டைகளையும் நர்ஸ் நின்றபடியே பார்த்து இரண்டு கட்டாகப் பிரித்தாள். ஒரு கட்டில் எண்பத்தெட்டு.

"இதெல்லாம் எங்க பேச்சு இல்லை. பாதி அப்பப்ப கட்டிச் சொன்னது, மீதி பெரிய தீவோட மலைப்பக்கத்துப் பேச்சு. மூணு வாரம் தங்கி வார்த்தை கேட்ட வெளிநாட்டுக்காரரைப் பத்தி எங்க வீட்டுல இன்னும் பேசுவாங்க, அவருக்குச் சொன்னது எங்க பாட்டி. அவங்க பிறந்த வீடு அந்த மலையில. எங்க ஊர்ல மருமகளுங்க மாமனார் பேரைச் சொல்லக் கூடாது. பேர்ல வர்ற வார்த்தையையும் சொல்லக் கூடாது. மாமனார் பேர் நீளம், கல்லும் கண்ணும் தண்ணியும் எல்லாம் அதுல இருக்கும். அவரோட நாலு தம்பிங்க பேரையும் அப்படியே சொல்லக் கூடாது."

"எங்கப்பா தப்பு பண்ண மாட்டார்" என்றார் மூத்தவர்.

"தப்பா எழுதலை ஐயா. பாட்டி சொன்னதைத்தான் எழுதியிருக்கார். பக்கத்துல யார் உட்கார்ந்திருந்தாங்கன்னு எழுதலை, அவ்வளவுதான்."

மூத்தவர் முகம் சிவந்தது. "பேரைச் சொல்லக் கூடாதுன்னா பேரைச் சொல்லாம இருக்கட்டும். அதுக்காகக் கண்ணை, கல்லை, தண்ணியை விட்டுடுவாளா ஒருத்தி? எந்த வீட்டுல நடக்கும் இது?"

சின்ன மருமகள் நீரில் நின்றபடி மெதுவாகச் சொன்னாள்: "அத்தான், வாரத்தில ஒரு நாளை நான் வியாழனுக்கு மறுநாள்னு சொல்றேனே, எதுக்குன்னு நினைச்சீங்க?"

"விளையாட்டுன்னு நினைச்சேன்."

"முப்பத்து நாலு வருஷமாவா? மாமா பேரை நீங்களே மனசுக்குள்ள சொல்லிப் பாருங்க. முதல் பாதியில என்ன வருது?"

மூத்தவர் தம் தகப்பனாரின் பேரை மனத்துக்குள் சொல்லிப் பார்த்தார். முதல் பாதியில் அந்தக் கிழமை இருந்தது. டம்ளர்களும் இருந்தன. தீவு மருமகள் பேசிய அதே பேச்சைத்தான் இந்த வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் தினமும் தமக்கு எதிரே உட்கார்ந்து இவளும் பேசியிருக்கிறாள் என்றும், ஆயிரம் மைல் தாண்டிப் போய்ச் சொல் பொறுக்கியவர் அதைக் கவனிக்கவில்லை என்றும், அருகிலேயே இருந்த தாமும் கவனிக்கவில்லை என்றும் அவருக்கு உறைத்தது. இவ்வளவு நேரமும் விறைப்பாக நின்றவர், முதல் தடவையாக அலமாரியில் கை ஊன்றிக்கொண்டார்.

சின்ன மருமகள் பெரியவரின் பயணக் குறிப்பேட்டைக் கொண்டுவந்தாள். பழுப்பேறிய பக்கங்களில் இருநூறு சொற்கள் வரிசையாக இருந்தன. சிலவற்றின் ஓரத்தில் கடுகு அளவு புள்ளி. முன்பக்கத்தில் பெரியவரின் கையெழுத்தில் ஒரே விளக்கம்: சொல்லுமுன் அவள் தயங்கினால் புள்ளி. புள்ளிகளை மூத்தவரே எண்ணினார். எண்பத்தெட்டு. நர்ஸ் பிரித்த கட்டோடு ஒவ்வொன்றாக ஒத்துப் பார்த்தார். ஒன்றும் பிசகவில்லை. ஏன் தயங்கினாள் என்று அப்பா கேட்கவில்லை, ஆனால் தயங்கியதை மறைக்கவும் இல்லை. "அப்பா அளந்தது சரி" என்றார் மூத்தவர். "வரைபடம்தான் மாறணும். எழுதும்மா."

"நீங்க எழுதுங்க அத்தான். மூத்த பிள்ளை கையெழுத்து இருக்கட்டும்."

நர்ஸ் சொல்லச் சொல்ல அவர் புது அட்டைகளில் எழுதினார். பாட்டி போய்ப் பல வருஷம், அவள் மாமனார் அதற்கும் முன்னால். அந்தச் சொற்களைச் சொல்ல இப்போது எந்தத் தடையும் இல்லை. கண்ணுக்கு மாக்கா. கடலுக்குக் காய். 'த' இருக்க வேண்டிய இடத்திலெல்லாம் 'க' வந்து நின்றது, எண்பத்தெட்டில் ஒரு இடத்தில்கூட ஏமாற்றவில்லை. இரவல் என்று தள்ளப்பட்ட மற்றச் சொற்களும் அதே கணக்கில் விழுந்தன. அவை வீட்டுச் சொத்துத்தான். கடைசி அட்டையை உள்ளே வைத்து மூடியதும் பத்தொன்பதாம் இழுப்பறை தானாகத் திறந்தது. அதன் அட்டைகள் ஒவ்வொன்றாக நீரில் இறங்கின. மிதந்துகொண்டிருந்த ஆறாயிரம் அட்டைகளும் பந்தியில் நகர்ந்து இடம் விடுவது போல நகர்ந்துகொண்டன. ஏழாம், பன்னிரண்டாம், இருபத்திரண்டாம் இழுப்பறைக்காரர்களின் நடுவே புதியவை தோள் உரச நின்றன. கால் மணி நேரம் கழித்து நீர் வடிந்தது. நர்ஸ் செருப்பை மாட்டிக்கொண்டாள். "சொட்டு மருந்தை மறக்காதீங்க ஐயா" என்று சொல்லிவிட்டு அடுத்த ஷிப்டுக்குப் போனாள்.

பழைய எண்பத்தெட்டு அட்டைகளைக் கிழிக்க மூத்தவர் சம்மதிக்கவில்லை. தச்சரை வைத்து முப்பத்திரண்டாவதாக ஓர் இழுப்பறை செய்வித்து, 'மாமனார் எதிரே சொன்னவை' என்று எழுதி ஒட்டினார். ஒன்பதாம் அத்தியாயத்தைத் திருத்தி, அதற்குக் காரணம் பெரியவர் வைத்த புள்ளிகள்தான் என்றும், அவற்றைப் படிக்க அறுபத்தைந்து வருஷம் பிடித்தது தம் வீட்டாரின் குற்றம் என்றும் தம் பேரில் குறிப்பு எழுதினார். வெளிதேசத்து மூவரில் ஒருவர் கோபமாகக் கடிதம் போட்டார், ஒருவர் பாராட்டினார், ஒருவர் பதில் போடவில்லை. பதக்கத்தைத் திருப்பி அனுப்ப மூத்தவர் முயன்றார். கொடுத்த சபையார் வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டார்கள்.

கடைசி மெய்ப்பைப் பார்த்தது ஒரு வியாழனுக்கு மறுநாள். அட்டை அறையில் எதிரெதிர் நாற்காலிகளில் உட்கார்ந்து, சின்ன மருமகள் உரக்கப் படிக்க மூத்தவர் தம் பிரதியில் பென்சிலால் சரிபார்த்தார். அவள் புத்தகத்தின் தலைப்பைப் படித்தாள். அடுத்த வரியில் ஆசிரியர் பேர் இருந்தது. அவள் வாயைத் திறந்தாள், லேசாக இருமினாள், பக்கத்தைத் திருப்பப் போனாள். மூத்தவர் அந்த வரியின் ஓரத்தில் கடுகு அளவு ஒரு புள்ளி வைத்தார்.

"மேலே படிம்மா" என்றார்.

நீர் ஏறத் தொடங்கியிருந்தது. இருவரும் காலைத் தூக்கி நாற்காலிச் சட்டத்தில் வைத்துக்கொண்டார்கள். முப்பத்திரண்டு இழுப்பறைகளும் திறந்தன. அவள் மேலே படித்தாள்.