லாக்கி கீர் நடந்த மைதானம்

லாக்லன் கீர் காலை வைத்த இடத்தில் தரை உறைவதில்லை. எங்கள் இன்வர்கெல்லி ஊருக்கு இது தெரியவந்தது அவனுக்குப் பதினெட்டு வயதான ஜனவரியில், ஊரின் ரோவர்ஸ் கால்பந்து அணிக்காக அவன் முதல் ஆட்டம் ஆட வந்த சனிக்கிழமை. மைதானம் இரும்புத் தகடுபோல இறுகிக் கிடந்தது. ஆட்டம் ரத்து என்று சொல்ல ரெஃப்ரி வாயெடுத்தபோது, படபடப்பில் நடுவட்டத்தைச் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்த பையனின் பின்னால் புல் நிமிர்ந்து ஆவி விடுவதைக் கண்டார். அந்த இடத்தில் குதிகாலை ஊன்றிப் பார்த்தார்; மே மாதத்து மண்போல அமுங்கியது. டெய்சிப் பூக்கூட முளைத்திருந்ததாக எங்கள் கோல்கீப்பர் சொல்வார், ஆனால் கோல்கீப்பர்கள் சொல்வதை எங்கள் ஊரில் யாரும் முழுதாக நம்புவதில்லை. மேனேஜர் ரோனி டஃப் பையனின் தோளில் கைபோட்டு, "தம்பி லாக்கி, அப்படியே ரெண்டு ஓரத்துக்கும் ஒரு நடை போயிட்டு வந்துடேன்" என்றார். லாக்கி போனான். ஆட்டம் நடந்தது, நாங்கள் ஜெயித்தோம். சேர்மன் டால்ரிம்பிள், ஊரில் பாதி வீடுகளுக்கு நிலக்கரி விற்றவர், மேலே டைரக்டர்கள் அறைக் கண்ணாடிக்குப் பின்னால் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். கெடுதல் அங்கே ஆரம்பித்தது.

அவன் ஒரு ஆட்டக்காரன் என்பதை இங்கேயே சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் பிறகு எல்லோரும் அதை வசதியாக மறந்துபோனார்கள். நடுக்களத்தில் லாக்கி நின்றால் பந்து பசித்த பூனைபோல அவன் காலடிக்கு வந்து சேரும். ஓடுகிறவனுக்குக்கூடத் தான் எங்கே ஓடப்போகிறோம் என்று தெரியாதபோது, பந்து அங்கே போய்க் காத்திருக்கும். அவன் அதட்டி யாரும் கேட்டதில்லை. எதிரணிக்காரன் முழங்காலைப் பார்த்து உதைத்தால் எழுந்து, சேற்றைத் துடைத்துக்கொண்டு, அடுத்த பந்தை அவன் கால்களுக்கு நடுவே தட்டிவிட்டுப் போய்விடுவான். இரண்டாம் டிவிஷனிலிருந்து முதலாவதுக்கு ரோவர்ஸ் ஏறியது அவனால்தான். அவனைப் பார்க்கவென்று கிளாஸ்கோவிலிருந்து ஆட்கள் ரயிலேறி வந்தார்கள். ஆனால் அவர்கள் குளிர்காலத்தில் வந்தார்கள்.

குளிர்காலத்தில் லாக்கி எப்படி இருந்தான் என்பது வேறு கதை. வியாழக்கிழமை தொடங்கி மைதானம் முழுக்க நடப்பான், உழவன் ஏர் ஓட்டுவதுபோல வரிசை வரிசையாக, கோல்கம்பத்திலிருந்து கோல்கம்பத்துக்கு. மற்ற பையன்கள் வெந்நீரில் குளித்துச் சீட்டாடிக்கொண்டிருப்பார்கள். சனிக்கிழமை மதியம் நாடு முழுவதும் ஆட்டங்கள் ரத்தாகும், இன்வர்கெல்லியில் மட்டும் விசில் ஊதும். வேறு ஆட்டம் கிடைக்காதவர்கள் எல்லாம் எங்கள் ஊருக்கு வந்து இறங்குவார்கள். முதல் பாதி அவன் ராஜாபோல ஆடுவான். இரண்டாம் பாதியில் கால்கள் துவண்டுவிடும். தேசிய அணிக்கு ஆள் எடுக்கிறவர் அந்த இரண்டாம் பாதியைப் பார்த்துவிட்டு, திறமை உண்டு, சோம்பேறி என்று பத்திரிகைக்காரரிடம் சொன்னார். சோம்பேறி! திங்கட்கிழமை அதைத் தலைப்பிலேயே போட்டார்கள். அந்தப் பத்திரிகையை அதன்பிறகு எங்கள் ஊரில் மீன் கட்டக்கூட யாரும் வாங்கவில்லை.

மண்ணுக்குப் போன சூடு எங்கிருந்தோ வந்தாக வேண்டுமே. அது லாக்கியிடமிருந்துதான் போனது. ஜூலையில் கம்பளிச் சட்டை போட்டுக்கொண்டு நின்றான். அவன் இறங்கிய குளியல் தொட்டியில் மெல்லிய பனிப்பாளம் படியும். அவன் மனைவி இஷ்பெல் அதைக் கரண்டியால் உடைத்துவிட்டு மேலும் வெந்நீர் ஊற்றுவாள். ஷோர் தெரு பேக்கரியில், மாவுக்குள் இறைச்சி பொதிந்த 'பை' சுடுகிறவள் அவள். அடுப்பின் முன்னால் நாள் முழுக்க நின்றுவிட்டு வந்து, இரவெல்லாம் அவன் பாதங்களைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொள்வாள். "போதும்னு சொல்லிடு லாக்கி" என்பாள். "டீம் கீழ இறங்கிடும் இஷ்பெல்" என்பான் அவன். ஊர்க்காரர்கள் நாங்களும் அவன் நடப்பதைக் கைதட்டிப் பார்த்துக்கொண்டுதான் இருந்தோம். எதிரணி ரசிகர்கள், "அடுப்புக்காலா, எங்க வீட்டுக்கும் வாடா, கெட்டில் கொதிக்கல!" என்று கத்துவார்கள். நாங்களும் சிரித்தோம்.

பிறகு சேர்மன் அவனை வெளியூருக்கு வாடகைக்கு விட ஆரம்பித்தார். ஆட்டக்காரனாக அல்ல. அவன் கொடுக்கும் பாஸைப் பார்க்க ஒருநாளும் வராத பெரிய கிளப்புகள் அவன் பாதத்தைக் கேட்டு வந்தன. வெள்ளிக்கிழமை பஸ் ஏறிப் போய் யாரோ ஒருவருடைய மைதானத்தை உருக்கிவிட்டு, சனிக்கிழமை திரும்பி வந்து எங்களுக்காக ஆடுவான். ஆட்டக்காரர் சங்கத்தில் முறையிட்டபோது, நடப்பது ஆட்டத்தில் சேராது என்றார்கள். மைதானப் பணியாளர் சங்கத்தில் கேட்டபோது, அவன் பணியாளனே இல்லை என்றார்கள். இரண்டு சங்கமும் சரியாகத்தான் பேசின. நடுவில் ஒரு மனிதன் உறைந்துகொண்டிருந்தான்.

இஷ்பெல் ஒரு சனிக்கிழமை, ஆட்டத்தின் இடைவேளையில், பேக்கரி ஏப்ரனைக்கூட அவிழ்க்காமல் டைரக்டர்கள் அறைக்குள் போனாள். உள்ளே விஸ்கியும் அவள் சுட்ட பைகளும் இருந்தன. கதவு திறந்தே இருந்ததால் அந்தப் பக்கத்து ஸ்டாண்டில் நின்ற நாங்கள் அத்தனையையும் கேட்டோம்.

"மிஸ்டர் டால்ரிம்பிள், நீங்க மைதானத்தை உருக்கறீங்களா, என் புருஷனை உருக்கறீங்களா?"

"அடடா, என்னம்மா இது! அவன் சும்மா நடக்கத்தானே செய்யறான்? எங்கப்பா சுரங்கத்துல முதுகு ஒடிய வேலை பார்த்தவரு. நடக்கறதெல்லாம் ஒரு வேலையா?"

"வேலையில்லைன்னா நீங்க நடங்க. எழுந்திருங்க. நான் இங்கயே நின்னு பார்க்கறேன்."

"எனக்கு அந்தக் கால் இல்லையேம்மா" என்று அவர் சிரித்தார். அறையே சிரித்தது.

"கால் இல்லை சார் உங்களுக்கு இல்லாதது" என்று சொல்லிவிட்டு, மேஜையில் மிச்சமிருந்த இறைச்சி பைகளை எல்லாம் தட்டோடு எடுத்துக்கொண்டு வெளியே வந்து, ஸ்டாண்டில் நின்றவர்களுக்குக் கொடுத்தாள். டைரக்டர்கள் அன்று பசியோடு இருந்தார்கள். எங்களுக்கு அதில் கொஞ்சமும் வருத்தமில்லை.

லாக்கிக்கு முப்பது தாண்டிய குளிர்காலத்தில் கோப்பை ஆட்டத்துக்காக கிளாஸ்கோவின் பெரிய அணி ஒன்று எங்கள் ஊருக்கு வந்தது. அந்த வாரம் துறைமுகத்தில் கடலே உறைந்தது. டெலிவிஷன்காரர்கள் வந்திறங்கினார்கள். லாக்கி திங்கட்கிழமையே நடக்கத் தொடங்கினான். வெள்ளிக்கிழமை அவன் உதடு நீலமாக இருந்தது. வலி தெரியாமலிருக்க முழங்காலில் ஊசி போட்டுக் களத்துக்கு அனுப்பினார்கள். ஒரு கோல் பின்தங்கியிருந்தபோது, மூன்று பேர் நடுவே மண்டியிட்டு விழுந்துகொண்டே அவன் தட்டிய பந்து, யாருமே இல்லாத இடத்துக்குப் போய், அங்கே நம் ஆள் ஒருவன் முளைத்து, கோலானது. எங்கள் தொண்டை கிழிந்தது. கூச்சல் அடங்கிப் பார்த்தபோது லாக்கி எழுந்திருக்கவில்லை. முழங்கால் போய்விட்டது.

அந்தக் கோப்பை ஆட்டத்தில் குவிந்த வசூலைக் கொண்டு சேர்மன் மைதானத்தின் அடியில் வெந்நீர்க் குழாய் பதித்தார். லாக்கி கட்டுப்போட்ட காலோடு பயிற்சிக்கு வந்தபோது, பள்ளம் தோண்டிக்கொண்டிருந்த ஒருவர் மண்வெட்டியை நிறுத்திவிட்டு, "நீங்கதானே லாக்கி? உங்களுக்குப் பதிலாத்தான் அண்ணே இதைப் போடறாங்க. உங்ககிட்ட சொல்லலையா?" என்று கேட்டார். சொல்லவில்லை. கிளப்பிலிருந்து அவனை நீக்கிய செய்தியைப் பள்ளம் தோண்டுகிறவர் வாயால்தான் அவன் கேட்டான். பத்து சீசன் தொடர்ந்து ஆடியவனுக்கு ஒரு பிரிவு ஆட்டம் நடத்தி, கூட்டமாய் நின்று கைதட்டி அனுப்புவது எங்கள் வழக்கம். அதையும் மறுத்தார்கள். இடையிடையே வேறு கிளப்புகளுக்குப் போயிருந்தானாம், ஆகவே சேவை தொடர்ச்சியாக இல்லையாம். யார் அனுப்பிப் போனான்? யாருக்காகப் போனான்? இதை நியாயம் என்கிறவனுக்கு எங்கள் ஊரில் ஒரு கோப்பை தேநீர் கிடைக்காது.

லாக்கி சத்தம் போடவில்லை. கடற்கரையோரம் போர்ட்கரன் என்ற மீனவக் கிராமத்துச் சின்ன அணியில் சேர்ந்தான். "ஆடறேன், ஆனா நடக்கமாட்டேன்" என்றான். "யாருய்யா உன்னை நடக்கச் சொன்னது? தரை உறைஞ்சா எல்லாரும் போய் சூப் குடிப்போம்" என்றார்கள் அவர்கள். நொண்டிய காலோடு அங்கே அவன் நின்ற இடத்திலிருந்தே பாஸ் கொடுத்தான். கொஞ்சம் கொஞ்சமாக அவன் கன்னத்தில் நிறம் வந்தது.

அடுத்த ஜனவரியில் முதல் கடும்பனி விழுந்த சனிக்கிழமை, இன்வர்கெல்லியில் குழாய்கள் ஒழுங்காகவே வேலை செய்தன. மைதானம் பச்சையாக இருந்தது. நாங்கள் உள்ளே போகவில்லை. யாரும் கூட்டம் போட்டு முடிவெடுக்கவில்லை. அவரவர் ஸ்கார்ஃபைச் சுற்றிக்கொண்டு வழக்கம்போல ஸ்டேஷன் ரோடு வழியாக வந்தோம். டிக்கெட் வாசலுக்கு முன்னால் ஒருவர் நின்றார், அவர் பின்னால் இன்னொருவர் நின்றார், பிறகு தெரு முழுக்க நின்றோம். அந்தக் கூட்டத்தில் இஷ்பெலும் இருந்தாள். எத்தனையோ வருஷம் கைதட்டிக்கொண்டே பார்த்திருந்தோம் என்பது எல்லோருக்கும் நெஞ்சுக்குள் எரிந்தது. உள்ளே விசில் ஊதியது, பந்து உதைபடும் சத்தம் காலி ஸ்டாண்டுகளில் மோதித் திரும்பி வந்தது. முதலில் எங்கள் காலடிப் பனி நொறுங்கியது, பிறகு நீரானது, பிறகு ஓடையாகி ஓரச் சாக்கடையில் இறங்கி ஓடியது. ஈரச் சாலையிலிருந்து ஆவி எழுந்து எங்கள் இடுப்புவரை நின்றது. பெண்கள் கையுறையைக் கழற்றினார்கள். ஆண்கள் கோட் பித்தானை அவிழ்த்தார்கள்.

இடைவேளையில் சேர்மன் டால்ரிம்பிளே வாசலுக்கு வந்தார். மூக்குக்கண்ணாடியில் படிந்த ஆவியைத் துடைத்துக்கொண்டு, "ஏம்பா தெருவுல நிக்கறீங்க? உள்ள வாங்க, உள்ள நல்லா சூடா இருக்கு" என்றார்.

"இங்கயும் சூடாத்தான் சார் இருக்கு" என்றாள் இஷ்பெல்.

அவர் சாலையைப் பார்த்தார், எங்கள் கால்களைப் பார்த்தார், உள்ளே போனார். அந்த வசந்தத்தில் கிளப்பை விற்றுவிட்டுத் தெற்கே போய்விட்டார் என்று கேள்வி.

சாயங்காலம் இஷ்பெல் வீட்டுக்கு வந்து நடந்ததைச் சொன்னபோது லாக்கி முழுவதையும் கேட்டுவிட்டு, "அது சரி, நம்ம பசங்க ஜெயிச்சாங்களா?" என்றான். மூன்று கோல் வித்தியாசத்தில் தோற்றார்கள் என்றதும் முகம் தொங்கிப்போனது. சாப்பாடுகூட அவனுக்கு இறங்கவில்லை.

ஸ்டேஷன் ரோடு அதற்குப்பின் உறையவில்லை. முதல் சில ஆண்டுகள் நகராட்சி வழக்கம்போல உப்புத் தூவும் லாரியை அனுப்பியது; ஓட்டுநர் வந்து பார்த்துவிட்டுத் திரும்பிப் போவார். இப்போது அந்த லாரி மலையடிவாரத் தெருக்களுக்குப் போகிறது, அங்கே அது நிஜமாகவே தேவைப்படுகிறது.